மௌன நகைச்சுவைக் குறும்படம்: நெப்போலியன் பித்து எந்த ஷாட்டில் பிறழ்வாக மாறுகிறது?

மௌனரீல் (கேள்வி):

வணக்கம். 12 நிமிட மௌனப்படம், கறுப்பு வெள்ளை, 1.33:1 சட்டகம். திரைக்கதை முடிந்துவிட்டது. படப்பிடிப்புக்கு முன்னால் சில முடிச்சுகள் அவிழ வேண்டும்.

கதை இதுதான். ஒரு அருங்காட்சியகத்தின் காவலாளி. அவர் காவலுக்கு நிற்கும் கண்ணாடிப் பெட்டிக்குள் நெப்போலியனின் தொப்பி. முதலில் அதைப் பற்றி எல்லாம் படிக்கிறார். பிறகு அந்தத் தோரணையில் நிற்கப் பழகுகிறார். கடைசியில் தானே நெப்போலியன் என்று நம்பி, மற்ற காவலாளிகளுக்குப் படை ஆணை போடுகிறார்.

ஈடுபாடு எங்கே முடிந்து மனப்பிறழ்வு எங்கே தொடங்குகிறது என்பது பார்ப்பவருக்கு டைட்டில் கார்டு (காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்துப் பலகை) இல்லாமலே புரிய வேண்டும். இப்போதைய வடிவத்தில் அவர் திடீரெனப் பைத்தியமாகிவிடுவதுபோல் இருக்கிறது. இன்னொரு கவலை, சிரிப்பு ஒரு நோயாளியைப் பார்த்துச் சிரிப்பதாக ஆகிவிடக்கூடாது. இது தவிர: நொடிக்கு எத்தனை பிரேமில் எடுப்பது, கண்ணாடியில் தெரியும் அவர் முகத்தின்மேல் பெட்டிக்குள் இருக்கும் தொப்பி பொருந்துவதுபோல் ஒரு ஷாட்டை கிராபிக்ஸ் இல்லாமல் எப்படி எடுப்பது, உடையில் எதைக் கவனிப்பது?

கதைமுடிச்சு:

முதல் கேள்விதான் படத்தின் உயிர், அதை மட்டும் சொல்கிறேன்.

ஈடுபாடு உள்ளவர் சரிபார்த்துக்கொண்டே இருப்பார். கை சரியாக இருக்கிறதா, தொப்பி சரியாக இருக்கிறதா என்று ஓவியத்தைப் பார்ப்பார், கண்ணாடியைப் பார்ப்பார், திருத்திக்கொள்வார். தான் அவர் இல்லை என்று தெரிந்திருப்பதால்தான் திருத்தம் தேவைப்படுகிறது. பிறழ்வு வந்தவர் சரிபார்க்க மாட்டார். தான் சரி, உலகம்தான் தப்பாக இருக்கிறது. ஆகவே திருப்பம் என்பது அவர் புதிதாக ஏதோ செய்யும் ஷாட் அல்ல, வழக்கமாகச் செய்துவந்த ஒன்றை முதல்முறையாகச் செய்யாமல் போகும் ஷாட். கண்ணாடிப் பெட்டியை நான்கு முறை கடக்கிறார் என்றால், மூன்று முறை நின்று பார்க்க வேண்டும். நான்காம் முறை திரும்பிக்கூடப் பார்க்காமல் நேராக நடந்து போகிறார். அவ்வளவுதான். ஆனால் அந்த மூன்று முறையும் ஒரே கேமரா இடம், ஒரே லென்ஸ், ஏறக்குறைய ஒரே நீளம். நான்காவதில் கேமராவை நகர்த்தினால் அவர் பார்க்காததைக் கண் கவனிக்காது.

திருத்தத்துக்கு நல்ல பொருள் ஒன்று: பிரெஞ்சு ஓவியர் டாவிட் 1812-இல் வரைந்த ஓவியம், பாரிஸின் துயிலரி அரண்மனை வேலை அறையில் நிற்கும் நெப்போலியன். பின்னால் கடிகாரம் 4:13 காட்டும். மெழுகுவத்தி எரிந்து அடிமட்டத்துக்கு வந்திருக்கும். வாள் நாற்காலியில் சாய்ந்திருக்கும். இரவெல்லாம் நாட்டுக்காக உழைத்தார் என்று சொல்வதற்கான அடையாளங்கள் இவை. உங்கள் காவலாளி தன் அறையில் இதை அப்படியே அமைக்கட்டும். திருப்பத்துக்கு முன்: நிற்கும் ஒவ்வொரு முறையும் மேசைக் கடிகாரத்தின் முள்ளை 4:13-க்குத் திருப்பி வைக்கிறார், மெழுகுவத்தி நீளமாக இருந்தால் கத்தியால் நறுக்குகிறார். திருப்பத்துக்குப் பின்: கடிகாரம் பத்து மணி காட்டுகிறது, அவர் முள்ளைத் தொடவில்லை. கீழ்ப்படியாத சிப்பாயைத் தண்டிப்பதுபோல் கடிகாரத்தைச் சுவர் பக்கம் திருப்பி நிறுத்திவிட்டு வேலைக்குப் போகிறார்.

கையைச் சட்டைக்குள் விடும் தோரணையிலும் ஒரு நல்ல நகைச்சுவை ஒளிந்திருக்கிறது. அந்த ஓவியத்தில் உள்ளே இருப்பது வலது கை. ஓவியத்தை எதிரே பார்த்து நகலெடுப்பவர் கண்ணாடி பார்ப்பதுபோல் இடது கையை நீட்டுவார். ஆண்கள் சட்டையில் இடது பாதி மேலே வரும், அதனால் திறப்பு வலது கைக்குத்தான் இடம் கொடுக்கும். இடது கை துணியின்மேல் வழுக்கிக்கொண்டே போகும், வாசல் கிடைக்காது. இதை அண்மைக்காட்சியில் 8 முதல் 10 நொடி விடலாம். முகம் வேண்டாம், விரல்களும் பொத்தான்களும் போதும்.

நோயாளியைக் கேலி செய்யும் கவலைக்கும் பதில் இதிலேயே இருக்கிறது. சிரிப்பு அவர் தடுமாற்றத்தில் வரக்கூடாது, அவர் தர்க்கத்தின் ஒழுங்கில் வர வேண்டும். யார் மறுத்தாலும் அந்த மறுப்பு அவருக்கு இன்னொரு சான்றாக வேண்டும். மேலாளர் வேலையை விட்டு நீக்கி வெளியே அனுப்பினால் அது எல்பா, நெப்போலியனை நாடுகடத்தி வைத்த தீவு. எல்பாவிலிருந்து திரும்பத்தானே வேண்டும்? 1815 மார்ச் 7 அன்று லாஃப்ரே அருகே, தன்னைப் பிடிக்க வந்த படையின் எதிரே நெப்போலியன் தனியே நடந்து போய் மேலங்கியைத் திறந்து மார்பைக் காட்டினார். சிப்பாய்கள் அவர் பக்கம் சேர்ந்தார்கள். உங்கள் உச்சக்காட்சி இதுவாக இருக்கலாம். பிடிக்க வரும் சக காவலாளிகளுக்கு முன்னால் அவர் மேலங்கியைத் திறக்கிறார். உள்பக்கம் முழுக்க அருங்காட்சியகத்தின் காணாமல் போன சாவிகள் தொங்குகின்றன. எல்லாரும் உறைந்து நிற்கிறார்கள். அவருக்கு அது விசுவாசம், அவர்களுக்குச் சாவி. இரண்டு பக்கமும் தங்கள் அளவில் சரி. சாவி காணாமல் போவதை 2-ஆம் நிமிடத்திலும் 5-ஆம் நிமிடத்திலும் போகிற போக்கில் நட்டு வையுங்கள். அதற்கென்று தனி ஷாட் எடுத்தால் ஜனங்கள் முடிவை மோப்பம் பிடித்துவிடுவார்கள்.

ஒளிமானி:

கண்ணாடிப் பெட்டி ஷாட்டுக்கு வருகிறேன். கிராபிக்ஸ் தேவையே இல்லை, ஆனால் தூரத்தில் ஏமாறக்கூடாது.

கண்ணாடியில் தெரியும் முகம் கண்ணாடியின் மேற்பரப்பில் இல்லை. முகம் கண்ணாடிக்கு முன்னால் எவ்வளவு தூரமோ, பிம்பம் அதே தூரம் பின்னால் இருக்கும். தொப்பி கண்ணாடிக்கு 40 செ.மீ. பின்னால் என்றால் நடிகரின் தலை 40 செ.மீ. முன்னால். இரண்டும் சமமானால் மூன்று நன்மை: ஃபோகஸ் இரண்டுக்கும் ஒன்றே, அளவு பொருந்தும், கேமரா கொஞ்சம் நகர்ந்தாலும் தொப்பி தலையை விட்டு விலகாது. நடிகரே தன் தலையில் தொப்பி உட்காருவதைக் கண்ணால் பார்த்துச் சரிசெய்துகொள்ளலாம். தூரம் சமமாக இல்லையென்றால் ஒரே ஒரு கேமரா இடத்தில் மட்டும் பொருந்தும், நடிகர் மூச்சு விட்டாலே தொப்பி வழுக்கும்.

இனி வெளிச்சம். சாதாரணக் கண்ணாடி இரண்டு பரப்பும் சேர்த்து ஏறக்குறைய 8 சதவீதம் ஒளியைத்தான் திருப்பி அனுப்பும். தொப்பி கறுப்பு என்பதால் அதுவும் மிகக் குறைவாகவே ஒளி தரும், அதுதான் நம்மைக் காப்பாற்றுகிறது. முகத்துக்குத் தொப்பியைவிட 2 முதல் 2½ ஸ்டாப் (ஒரு ஸ்டாப் என்றால் இரு மடங்கு ஒளி) கூடுதல் வெளிச்சம் என்று தொடங்குங்கள். நடிகரின் தோல் நிறத்தைப் பொறுத்து ஏற்றி இறக்குங்கள்.

பலர் கோட்டை விடும் இடம் நெற்றி. பிம்பம் தொப்பியின்மேல் சேர்ந்து விழுவதால், ஒளிபட்ட நெற்றி தொப்பியின் ஊடாகத் தெரியும். தொப்பி கண்ணாடிக் காகிதம்போல் ஆகிவிடும். விளக்குக்கு முன்னால் ஒரு கறுப்பு அட்டையைப் பிடித்து, புருவத்துக்கு மேல் ஒளி விழாமல் வெட்டுங்கள். அட்டை விளக்கை விட்டு முகத்தை நோக்கி வரவர நிழலின் ஓரம் கூர்மையாகும். தொப்பியின் விளிம்புக்கு ஏற்றாற்போல் கொஞ்சம் மெத்தென்ற ஓரம் போதும்.

பெட்டிக்குள் பின்சுவர் கறுப்பு வெல்வெட். தொப்பியைத் தாங்கும் கோல் மெல்லியதாக, பளபளப்பில்லாத கறுப்பில், தொப்பிக்குப் பின்பக்கமிருந்து வர வேண்டும். கீழிருந்து வந்தால் மூக்கின் நடுவே தெரியும். நடிகருக்குப் பின்னாலும் இருட்டு வேண்டும், இல்லாவிட்டால் அறையே பெட்டிக்குள் தெரியும். கேமராவை நடிகரின் தோளுக்குப் பக்கவாட்டில், கண்ணாடிக்குச் சாய்வாக வைத்துக் கறுப்புத் துணியால் மூடுங்கள். தடித்த கண்ணாடியில் இரண்டு பரப்பும் தனித்தனியே பிம்பம் தரும், மூக்கு இரட்டையாகும். 3 மி.மீ.க்கு மேல் போக வேண்டாம். அக்ரிலிக் தகடு வளைந்து முகத்தை இழுக்கும் என்பதால் கண்ணாடியே நல்லது.

கைச்சுழற்சி:

வேகம் பற்றி. அந்தக் காலத்தில் கையால் சுற்றிய கேமராவில் ஒரு சுற்றுக்கு 8 பிரேம், நொடிக்கு இரண்டு சுற்று, ஆக 16 பிரேம். இதைப் படித்துவிட்டு எல்லாவற்றையும் 16-இல் எடுத்து 24-இல் ஓட்டினால் ஒன்றரை மடங்கு வேகம் வரும். துரத்தலுக்குச் சரி, ஒருவர் தொப்பியை ஏக்கத்தோடு பார்க்கும் காட்சிக்கு அது கொலை. 20-இல் எடுத்து 24-இல் ஓட்டினால் 1.2 மடங்கு. நடையில் ஒரு துள்ளல் வரும், முகபாவம் கெடாது. உங்கள் படத்தின் அடிப்படை வேகமாக இதையே வைத்துக்கொள்ளுங்கள்.

கதைமுடிச்சு சொன்ன திருப்பத்தோடு வேகத்தையும் கட்டிப்போடலாம். திருப்பத்துக்கு முன் எல்லாருக்கும் 20. திருப்பத்துக்குப் பின் அவர் தனியாக வரும் ஷாட்டுகள் 24, அதாவது இயல்பு வேகம். மற்றவர்கள் மட்டும் வரும் ஷாட்டுகள் 20-லேயே நிற்கட்டும். அவர் நிதானமானவராகவும் உலகம் பதற்றமாகவும் தெரியும். காரணம் யாருக்கும் தெரியாது, உணர்வு மட்டும் பதியும். துரத்தல் மட்டும் 16 அல்லது 17.

பல கேமராக்களில் 20 பிரேம் என்ற தேர்வே இருக்காது. 24-இல் எடுத்து எடிட்டில் 120 சதவீதம் ஆக்கினால் ஆறு பிரேமுக்கு ஒன்று விழுந்துவிடும். கேமரா அசையாத ஷாட்டில் தெரியாது. கேமரா திரும்பினாலோ, ஆள் சட்டகத்தைக் குறுக்கே கடந்தாலோ வெட்டி வெட்டி ஓடும். இதற்கு நல்ல மாற்று: 60 பிரேமில், ஷட்டர் (ஒரு பிரேம் ஒளி வாங்கும் நேரம்) 1/60 நொடியில் எடுத்து மூன்றுக்கு ஒரு பிரேமை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். சுத்தமான 20 கிடைக்கும். ஷட்டர் 1/60-க்கு வேகமாகப் போனால் அசைவில் மங்கல் குறைந்து பொம்மலாட்டம்போல் ஆகிவிடும்.

மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் உள்ள இடத்தில் மலிவான எல்.இ.டி. விளக்குகள் நொடிக்கு 100 முறை துடிக்கும். அங்கே 1/60 ஷட்டரில் படத்தில் பட்டை ஓடும். அப்போது 50 பிரேம், 1/50 ஷட்டர், மூன்றுக்கு ஒன்று: 16.67 பிரேம், ஓட்டும்போது 1.44 மடங்கு. துரத்தலுக்கு இது கச்சிதம். 20 பிரேம் நேரடியாகக் கிடைக்கும் கேமரா என்றால் 50 ஹெர்ட்ஸில் ஷட்டர் 1/50, 60 ஹெர்ட்ஸில் 1/60. வேறெதுவும் யோசிக்க வேண்டாம்.

மௌனரீல்:

மூவருக்கும் மிக்க நன்றி. நான்காம் முறை பார்க்காமல் போவது என்பது எல்லா முடிச்சையும் ஒன்றாக அவிழ்த்துவிட்டது. ஒரு சந்தேகம் மட்டும்: அவர் மனத்தில் தெரிவதை நாமும் பார்க்க வேண்டாமா? செய்தித்தாள் தொப்பி டிசால்வில் (ஒரு காட்சி மங்க, அதன்மேல் அடுத்தது எழுவது) நிஜத் தொப்பியாவது, துடைப்பங்கள் துப்பாக்கிகளாவது என்று ஆறு இடங்களில் எழுதியிருக்கிறேன். கார்டு இப்போதைக்கு 19.

கதைமுடிச்சு:

ஆறும் வேண்டாம் என்பேன். துடைப்பம் துப்பாக்கியாக மாறிவிட்டால் அவர் செய்வது சரியாகிவிடும், சிரிப்புக்கு இடமில்லை. துடைப்பம் துடைப்பமாகவே இருக்க, அவர் அதைத் துப்பாக்கியாகப் பரிசோதிக்க வேண்டும்: குழாயில் தூசி இருக்கிறதா என்று கம்பின் நுனிக்குள் ஒரு கண்ணை மூடிப் பார்க்கிறார், திருப்தியோடு தலையசைக்கிறார்.

ஒளிமானி:

இதில் முழுக்க உடன்பட முடியவில்லை. ஆறு அதிகம், ஆனால் ஒன்று வேண்டும். ஒருமுறையாவது அவர் கண்ணால் பார்த்தால்தான் அவர்மேல் பரிவு வரும். செய்தித்தாள் தொப்பி நிஜத் தொப்பியாகும் அந்த ஒன்றை வையுங்கள். 40 பிரேம் டிசால்வ் போதும்.

அதற்கு இரண்டு தொப்பிக்கும் வெளிக்கோடு ஒன்றாக வேண்டும். நிஜத் தொப்பியின் அகலத்தையும் உயரத்தையும் அளந்து, அந்த அளவுக்குச் செய்தித்தாளை ஒட்டி மடியுங்கள். ஒற்றைத் தாள் தளர்ந்து முனை தொங்கும், இரண்டு தாள் ஒட்டினால் நிற்கும். கேமரா, லென்ஸ், உயரம் எதையும் தொடக்கூடாது. நடிகரின் தாடைக்குக் கீழே சட்டகத்துக்கு வெளியே ஒரு தாங்கி வையுங்கள், தொப்பி மாற்றும்போது தலை அசையாது. மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் 1924-இல் ஷெர்லாக் ஜூனியர் படத்தை எடுத்தபோது, பின்னணி மாறும் ஷாட்டுகளில் தன் இடம் பிசகாமல் இருக்க நில அளவைக் கருவியையே பயன்படுத்தினார். நமக்கு இரண்டு நூலும் தரையில் நான்கு டேப் துண்டும் போதும்.

ஊசிநூல்:

உடை. தொப்பியை எப்படி அணிகிறார் என்பதிலேயே பாதி அடையாளம் வந்துவிடும். அக்காலத்து அதிகாரிகள் பலர் இருமுனைத் தொப்பியை முனைகள் முன்னும் பின்னுமாக இருக்கும்படி அணிந்தார்கள். நெப்போலியன் முனைகள் இரண்டு தோள்களின் பக்கம் வரும்படி குறுக்காக அணிந்தார். கறுப்பு ஃபெல்ட், தங்கச் சரிகை கிடையாது, சிறிய மூவண்ணச் சின்னம் மட்டும். எளிமைதான் அவர் முத்திரை. சரிகையைச் சேர்த்தால் தளபதிதான் கிடைப்பார், நெப்போலியன் கிடைக்க மாட்டார். உங்கள் காவலாளி முதல்முறை முன்பின்னாக வைத்து, ஓவியத்தைப் பார்த்துக் குறுக்காகத் திருப்புவது இன்னொரு திருத்தம்.

உள்ளே பச்சை நிறக் காவல் குதிரைப்படைச் சீருடை, வெள்ளை இடுப்புச்சட்டை, வெள்ளைக் காற்சட்டை, மேலே சாம்பல் நிற மேலங்கி. காவலாளியின் வேலை உடுப்பே ஒவ்வொரு காட்சியிலும் ஒரு படி இதை நோக்கி நகரட்டும். முதலில் பொத்தான் மட்டும், பிறகு கழுத்துப்பட்டை, பிறகு மேலங்கி. கட்டையான நடிகரைத் தேட வேண்டியதில்லை. நெப்போலியனின் உயரம் பழைய பிரெஞ்சு அளவில் 5 அடி 2 அங்குலம், அதாவது ஏறக்குறைய 168 செ.மீ. பிரெஞ்சு அங்குலம் ஆங்கில அங்குலத்தைவிட நீளம் என்பதைக் கவனிக்காமல் விட்டதும் ஆங்கிலேயக் கேலிச்சித்திரங்களும் சேர்ந்து அவரைக் குள்ளராக்கின.

கறுப்பு வெள்ளையில் நிறம் பற்றி ஒரு எச்சரிக்கை. 1920களின் முற்பகுதிப் படங்களின் தோற்றம் வேண்டுமென்றால், அன்றைய ஆர்த்தோ ஃபிலிம் சிவப்பைப் பார்க்காது. சிவப்பு கறுப்பாகும், நீலம் வெளிறும். எடிட்டில் சிவப்பு 10, பச்சை 50, நீலம் 40 சதவீதம் என்று கலந்தால் ஏறக்குறைய அந்தத் தோற்றம் வரும். சிவப்பை முழுதாக எடுத்துவிட்டால் முகத்தில் ஒவ்வொரு பருவும் திட்டாகத் தெரியும், உதடு மையாகிவிடும், நீல நிறப் பதிவில் உள்ள இரைச்சல் புள்ளிகளும் மேலே வரும். ஐ.எஸ்.ஓ. (கேமராவின் ஒளி உணர்திறன்) குறைவாக வையுங்கள், உதட்டில் சிவப்பு பூச வேண்டாம். மூவண்ணச் சின்னத்தில் சிவப்பு வளையம் கறுப்பு ஃபெல்ட்டோடு கலந்து காணாமல் போகும். வெளி வளையம் வெள்ளையாக இருக்கும்படி தைத்தால் தூரத்திலிருந்தும் வட்டமாகத் தெரியும். உடை முழுவதையும் தைத்து முடிக்கும் முன் துணித் துண்டுகளை அந்தக் கலவையில் படமெடுத்துப் பாருங்கள். பச்சைக் கோட்டும் சாம்பல் மேலங்கியும் ஒரே சாம்பலாகிப் போவதுதான் வழக்கமான விபத்து. அப்படி ஆனால் கோட்டை இன்னும் கருமையான பச்சையில் எடுங்கள்.

கைச்சுழற்சி:

கார்டு 19 மிக அதிகம். 12 நிமிடத்துக்கு 7 அல்லது 8. எதை வெட்டுவது என்பதற்கு ஒரு வழி: திருப்பத்துக்குப் பின் மற்றவர்கள் பேசுவதற்குக் கார்டே போடாதீர்கள். உதடு அசையும், வார்த்தை வராது. அவர் கேட்பதை நிறுத்திவிட்டார் என்பது அதிலேயே வந்துவிடும். அவர் ஆணைகளுக்கு மட்டும் கார்டு, அதுவும் ஓரத்தில் பிரகடனம்போல் இரட்டைக் கோடு போட்டு.

கார்டின் நேரத்தை வார்த்தைக் கணக்கில் போடாதீர்கள். ஆங்கிலத்தில் வார்த்தைக்கு இவ்வளவு என்று சொல்வது தமிழுக்குச் சரிவராது. ‘வந்துகொண்டிருக்கிறார்கள்’ ஒரே வார்த்தைதான், 13 எழுத்து. நிதானமாக வாய்விட்டு இரண்டு முறை படியுங்கள், அந்த நேரம்தான் கார்டின் நீளம். நான்கு வரிக்கு மேல் வேண்டாம். எழுத்து தூய வெள்ளையாக இருந்தால் கறுப்பில் கசிந்து புள்ளியும் சுழியும் அடைபடும். 85 சதவீத வெள்ளை போதும், கோடுகள் கொஞ்சம் தடித்த எழுத்துரு எடுங்கள்.

ஊசிநூல்:

சாவி மேலங்கி பற்றி ஒன்று விட்டுப்போனது. 20, 30 உலோகச் சாவிகளை உள்துணியில் நேரடியாகத் தைத்தால் இரண்டாவது டேக்கில் துணி கிழியும். மேலங்கி முன்பக்கம் இழுபட்டுத் தோளிலிருந்தும் சரியும். உள்துணிக்குப் பின்னால் தோள் தையலிலிருந்து கீழ்விளிம்புவரை இரண்டு அங்குலப் பருத்தி நாடா ஓட்டி, சாவி வளையங்களை நாடாவில் கட்டுங்கள். கண்மட்டத்தில் தெரியும் ஐந்தாறு மட்டும் நிஜச் சாவி, மற்றவை மெல்லிய அலுமினியத் தகட்டில் வெட்டியவை. அலுமினியம் லேசானது என்பதால் திறந்ததும் படபடவென ஆடும், நிஜச் சாவி மெதுவாக ஆடும். இரண்டும் கலந்து ஆடுவது கேமராவில் துருத்திக்கொண்டு தெரியும். அலுமினியச் சாவியின் அடியில் ஒரு சின்ன ஈயக் குண்டை ஒட்டிவிட்டால் எல்லாம் ஒரே சீராக அசையும்.